எரிக்காமல் வைத்த சீட்டு

16 ஜூலை 2024, செவ்வாய்

காலையிலிருந்து மழை. தேயிலை நிறுவை பதினொரு மணிக்கே முடிந்துவிட்டது. தோட்ட ஆபீஸில் கணக்கெழுதும் கிராணி வேலை பார்ப்பவளுக்கு இதைவிட நல்ல நாள் வாய்க்காது. இழுப்பறையிலிருந்து ஸ்மாராண்டா அம்மையாரை வெளியே எடுத்து வைத்துக்கொண்டேன்.

கோலாலம்பூரில் காலாண்டிதழ் நடத்தும் கோகிலன் ஆசிரியர் குறிப்பு கேட்டிருக்கிறார். இங்கேயே எழுதிப் பார்க்கிறேன்: ஸ்மாராண்டா வெலிச். ருமேனியாவில் பிறந்தவர். இருபத்தாறு வயதில் நாட்டைவிட்டு வெளியேறி, கனடாவில் இலக்கியப் பேராசிரியரானவர். ஆங்கிலத்தில் எழுதுகிறார். மூன்று நாவல்கள், ஓர் ஆய்வு நூல்.

இதில் சொல்லாமல் விடுவது: முதல் நாவலை யாரோ சுற்றுலாக்காரர் எங்கள் தோட்டத்துத் தேநீர்க் கடையில் மறந்துவிட்டுப் போனார். ஒரு மாதம் காத்திருந்தேன், திரும்பி வரவில்லை. மற்ற மூன்றையும் தேடி வாங்கினேன். எட்டு வருடமாக அவர்தான் எனக்குத் துணை. தனிக்கட்டைக்கு யாராவது வேண்டுமே.

மொழிபெயர்ப்பது ‘திருப்படத்தின் பின்புறம்.’ சர்வாதிகாரக் காலத்து மலைக்கிராமம். எழுதத் தெரியாத பெண்களுக்காகப் புனித நிக்கோலாவுக்குக் கடிதம் எழுதிக்கொடுக்கிறாள் ஒருத்தி. பெண்கள் அதைத் திருப்படத்துக்குப் பின்னால் செருகுகிறார்கள். இவள் ஒவ்வொன்றுக்கும் நகல் எடுத்துக் கட்சி அதிகாரியிடம் கொடுத்துவிடுகிறாள். படிக்கும்போதெல்லாம் அவள்மேல் எனக்கு அப்படி ஒரு வெறுப்பு வரும்.

18 ஜூலை

ஏழாம் அத்தியாயம். ஒரு வரியும் நகரவில்லை.

21 ஜூலை, ஞாயிறு

இந்த மாதம் பூசை வைக்கப் பங்குச் சாமியார் வரவில்லை. எட்ரியன் உபதேசியார்தான் வழிபாடு நடத்தினார். முடிவில் வழக்கம்போல, “காணாமற்போன எங்கள் சகோதரர் அகஸ்டின் நல்லபடியாக வீடு திரும்ப வேண்டுமென்று...” என்றார். எல்லோரும், “ஆண்டவரே, எங்கள் மன்றாட்டைக் கேட்டருளும்” என்றோம். முன் வரிசையில் கத்தரீன்தான் உரக்கச் சொன்னாள்.

அகஸ்டின் அவள் புருஷன். திரிங்காப்பிலிருந்து சிங்கப்பூருக்குக் காய்கறி லாரி ஓட்டினான். இரண்டு வருடத்துக்கு முன் லாரி திரும்பி வந்தது, அவன் வரவில்லை. அவனுடைய பூட்ஸைத் துடைத்துத் துடைத்து வாசலில் வைத்திருக்கிறாள் கத்தரீன். அகஸ்டினின் அண்ணி ரஞ்சிதம் முதற்கொண்டு லயத்து வீடுகளில் எல்லோரும் அதைக் காட்டித்தான் தங்கள் பெண்களுக்குப் புத்தி சொல்கிறார்கள்.

உண்மை என்னவென்று எனக்கும் புனித அந்தோனியாருக்கும் மட்டும் தெரியும்.

ஜூன் மாதம் ஒன்பது நாள் நடக்கும் நவநாளில், அந்தோனியாருக்கு வேண்டுதல் எழுதிக் கோயில் பெட்டியில் சீட்டுப் போடுவது எங்கள் தோட்டத்து வழக்கம். ஒன்பதாம் நாள் பெட்டியைத் திறந்து, ஒருவரும் படிக்காமல், கோயிலுக்கு வெளியே தகரத்தில் போட்டு எரிப்போம். மலாய்ப் பள்ளியில் படித்தவர்களுக்குத் தமிழ் எழுத வராது. ரூமி என்கிற ரோமன் எழுத்தில் எழுதினால் அந்தோனியாருக்குப் புரியாது என்று யார் கிளப்பிவிட்டார்களோ, இருபது வருடமாக எல்லோருக்கும் நான்தான் எழுதிக்கொடுக்கிறேன். முதலில் நிறுவைத் தாளின் பின்பக்கத்தில் அவர்கள் சொல்வதைச் சொன்னபடியே கிறுக்குவேன். பிறகு நல்ல தாளில் திருத்தமாக எழுதிப் படித்துக் காட்டுவேன். கிறுக்கலை அன்றைக்கே அடுப்பில் போட்டுவிட வேண்டும். போட்டுவிடுவேன். பெரும்பாலும்.

27 ஜூலை, சனி

முடிந்தது. அரை மணி நேரத்தில் முடிந்தது.

ஏழாம் அத்தியாயத்தில் ஒரு பெண் கடிதம் சொல்கிறாள். புருஷன் உப்புச் சுரங்கத்துக்குப் போனவன். அவன் திரும்ப வேண்டாம் என்று நிக்கோலாவிடம் கேட்கிறாள். ஆணியில் அவன் தொப்பி தொங்குகிறது, அது போதும் என்கிறாள். ஒன்பது வரி. பதினாறு தடவை தமிழில் எழுதிப் பார்த்துவிட்டேன், பதினாறு தடவையும் வானொலிச் செய்தி மாதிரியே வந்தது. இன்றைக்கு அகராதி தேடி இழுப்பறையைக் குடைந்தபோது ஜூன் மாதத்து நிறுவைத் தாள் ஒன்று கையில் அகப்பட்டது. கத்தரீன் சொல்லச் சொல்ல நான் கிறுக்கியது.

“அந்தோனியாரே, காணாமப் போனதையெல்லாம் கண்டுபிடிச்சுக் குடுக்கிறவரே. எங்க வீட்டுக்காரரத் தேடித் தரச் சொல்லி கோயிலே கேக்குது. நான் கேக்கல. நீங்க தேடாதீங்க. அவரு எங்கயோ நல்லா இருக்கட்டும், வேளைக்குச் சாப்பிடட்டும். இங்க மட்டும் வரவேணாம். இப்பல்லாம் பின்கதவத் தொறந்து வெச்சே சமைக்கிறேன். அடுப்புகிட்ட நிக்கிறப்போ ஓடறதுக்கு வழி பாக்கத் தேவயில்ல. அவரு பூட்ஸ வாசல்ல வெச்சிருக்கேன், ஆம்பள இருக்கற வீடுன்னு நாலு பேரு நெனைக்கட்டும்னு. எனக்கு அந்த பூட்ஸ் போதும்.”

அந்தோனியாரை எடுத்துவிட்டு நிக்கோலாவை வைத்தேன். வேறெதையும் மாற்றவில்லை. தொப்பி போய்ப் பூட்ஸ் வந்தது. புத்தகத்தில் பின்கதவே கிடையாது, தமிழில் இருக்கிறது.

பெயர் போடவில்லையே. கத்தரீனுக்குத் தமிழ் படிக்க வராது. இந்த மலையில் காலாண்டிதழ் வாங்குபவள் நான் ஒருத்திதான். பிறகென்ன? மொழிக்காகச் செய்ததுதானே?

2 ஆகஸ்ட்

கோகிலன் கூப்பிட்டார். “அக்கா, அந்தக் கடிதம் இருக்கே, அதுதான் உசுரு. ருமேனியாக்காரி நம்ம லயத்துல பொறந்த மாதிரி எழுதியிருக்கா!”

மறுத்து ஒரு வார்த்தை சொல்லவில்லை. சிரித்தேன். மத்தியானம் பசிக்கவில்லை, அவ்வளவு சந்தோஷம்.

9 அக்டோபர்

இதழ் வந்தது. என் பெயர் எட்டு முறை.

3 நவம்பர், ஞாயிறு

நடந்ததை அப்படியே எழுதுகிறேன்.

கோயில் முடிந்து கத்தரீனைக் காரில் ஏற்றிக்கொண்டு ரிங்லெட்டுக்குச் சாமான் வாங்கப் போனேன். ஷம்சுதீன் பாய் கடையில் ரொட்டி சொன்னோம். கல்லாவிலிருந்து அவர் மனைவி ஹாஜரா ஓடி வந்தாள். கையில் ஞாயிறு பேப்பர்.

“கிராணியம்மா, உங்க பேரு வந்திருக்குலா! இந்த லெட்டரப் படிச்சிட்டு அழுதுட்டேன். கத்தரீன், நீ கேளு, கேளு.”

காலாண்டிதழிலிருந்து அந்தப் பகுதியை மறுபிரசுரம் செய்திருக்கிறார்கள். எனக்குச் சொல்லவில்லை. நான் எழுந்து பேப்பரைப் பிடுங்கியிருக்க வேண்டும். வயிற்றுவலி என்று சொல்லியாவது கத்தரீனை வெளியே இழுத்துப் போயிருக்க வேண்டும். உட்கார்ந்தே இருந்தேன்.

ஹாஜரா நன்றாகப் படிப்பாள். நிறுத்தி நிறுத்தி, உணர்ச்சியோடு படித்தாள். பின்கதவு வந்தது. பூட்ஸ் வந்தது. பக்கத்து மேசையில் தோட்டத்து ஆட்கள் நான்கு பேர் சாப்பிடுவதை நிறுத்திவிட்டுக் கேட்டார்கள். கத்தரீன் ரொட்டியைக் கிழித்துக் குழம்பில் தோய்த்தாள். வாய்க்குக் கொண்டுபோகவில்லை. தட்டின் ஓரத்தில் வைத்துவிட்டு இன்னொரு துண்டு கிழித்தாள். ரொட்டி முழுவதையும் அப்படியே கிழித்து வைத்தாள்.

“நல்லாருக்குக்கா,” என்றாள் ஹாஜராவிடம்.

காரில் ஏறி அணைக்கட்டைத் தாண்டினோம். பிறகு, “அக்கா, அந்தச் சீட்ட எரிச்சீங்கதானே?” என்றாள்.

“எரிச்சோமே. நீயும் பாத்தியே.”

பொய்யில்லை. சீட்டு எரிந்தது. கிறுக்கல்தான் எரியவில்லை. இப்படிப் பிரித்துப் பேச எங்கே கற்றுக்கொண்டேன்?

“அந்தக் கதையில அந்தாளு திரும்பி வர்றானா?”

“வரல,” என்றேன்.

வருகிறான். பதினோராம் அத்தியாயத்தில் வருகிறான்.

5 நவம்பர்

கத்தரீன் வாசலில் பூட்ஸ் இல்லை.

11 நவம்பர், திங்கள்

நேற்று கோயிலில் அகஸ்டினுக்கான மன்றாட்டின்போது கத்தரீன் வாய் திறக்கவில்லை. ரஞ்சிதம் திரும்பிப் பார்த்ததை நான் பார்த்தேன்.

இன்றைக்கு ரஞ்சிதம் ஆபீஸுக்கே வந்துவிட்டாள். பேப்பர் துண்டைக் கவுண்டரில் வைத்தாள். “கிராணியம்மா, இது என்னா எங்க கத்தரீன் கத மாரியே இருக்கு? பூட்ஸு, பின்கதவு. எங்க கொழுந்தன் வரக்கூடாதுன்னு அவ சீட்டுப் போட்டாளா?”

“சேச்சே! இது ருமேனியாக்காரி எழுதுனது ரஞ்சிதம். அங்கயும் பூட்ஸ் போடுவாங்க, அங்கயும் பின்கதவு இருக்கும்.”

“அப்படியா?” என்றாள். நம்பவில்லை. என் முகம் சிவந்தால் ஊருக்கே தெரியும்.

பெயர் வாங்கும்போது கத்தரீனின் சொல்லைக் கொடுத்து ஸ்மாராண்டாவின் பெருமையை எடுத்துக்கொண்டேன். மாட்டிக்கொண்டதும் ஸ்மாராண்டாவின் முந்தானைக்குள் ஒளிகிறேன். இருவருக்கும் துரோகம் செய்தவள் ஒருத்தியேதான்.

14 நவம்பர்

அம்மையாரின் ஆய்வு நூலை எடுத்தேன். ‘பிறர் கையெழுத்து.’ மற்றவர்களுக்காகக் கடிதம் எழுதியவர்களைப் பற்றியது: சிறைச்சாலை எழுத்தர்கள், சந்தையில் மேசை போட்டவர்கள், ராணுவ முகாமில் நண்பனின் காதலிக்கு எழுதியவர்கள். மூன்றாம் இயலில் ஒரு வரி: “பிறருக்காக எழுதுகிறவர் எல்லோரும் ஒரு நகல் வைத்துக்கொள்கிறார்கள். எந்த இழுப்பறையில் என்பதுதான் கேள்வி.”

அதற்குக் கீழே பென்சிலால் கோடு. ஓரத்தில் என் கையெழுத்தில்: அருமை!

எனக்குப் பின்னால் நின்று யாரோ காறித் துப்பியது போல இருந்தது.

அந்த நாவலில் வரும் நகல்காரியை நான் எட்டு வருடமாக வெறுத்துக்கொண்டிருக்கிறேன். அவளாவது மிரட்டலுக்குப் பயந்து கொடுத்தாள். என்னை யார் மிரட்டினார்கள்?

1 டிசம்பர், ஞாயிறு

கிறுக்கலைக் கத்தரீனிடம் கொண்டுபோய்க் கொடுத்துச் சொல்லிவிடலாம் என்று அவள் வீடு வரை போனேன். பின்கதவு திறந்திருந்தது. வெங்காயம் வதங்கும் வாசம். உள்ளே ஏதோ பாடிக்கொண்டிருந்தாள். திரும்பி வந்துவிட்டேன். நாளைக்குச் சொல்லலாம்.

8 டிசம்பர், ஞாயிறு

நாளை, நாளை என்று ஒரு வாரம்.

15 டிசம்பர், ஞாயிறு

அகஸ்டின் வந்துவிட்டான்.

ஜொகூரில் இருந்திருக்கிறான். ‘உன் பொண்டாட்டி நீ வரவேணாம்னு பேப்பர்ல போட்டிருக்கா’ என்று ரஞ்சிதத்தின் புருஷன் லாரிக்காரர்களிடம் சொல்லிவிட, அது கைமாறிக் கைமாறி அவனிடம் போய்ச் சேர்ந்திருக்கிறது. இரண்டு வருடம் கோயிலே முழங்காலில் நின்று கேட்டும் வராதவன், ரோஷத்தில் வந்துவிட்டான்.

அந்தோனியார் அவனைத் தேடவில்லை. கத்தரீன் சொன்னபடி கேட்டார். நான்தான் கண்டுபிடித்துக் கொடுத்தேன்.

16 டிசம்பர், திங்கள்

நடந்ததை நடந்தபடி எழுதுகிறேன், எனக்குச் சாதகமாக எதையும் சேர்க்காமல்.

வேலை முடிகிற நேரத்தில் உபதேசியார் ஆள் அனுப்பினார். கோயில் வராந்தாவில் அகஸ்டின், அவன் அண்ணன், ரஞ்சிதம். எதிரே கத்தரீன் தனியாக நின்றாள். அகஸ்டின் கையில் அந்தப் பேப்பர் துண்டு.

உபதேசியார் என்னைக் கேட்டார்: “வெரோனிகா, நீ சொல்லும்மா. இது கத்தரீன் சொன்னதா, கதையா?”

வழியெல்லாம் தயார் செய்து வைத்திருந்ததைச் சொன்னேன். “நானா எழுதுனது. கத்தரீனுக்கு ஒண்ணும் தெரியாது. வாசல்ல பூட்ஸப் பாத்தேன், மிச்சத்த நானே கட்டிவிட்டேன்.” எப்படியாவது அவளைக் காப்பாற்றிவிட்டால் என் கணக்கு நேராகிவிடும் என்று நினைத்தேன். மடச்சி.

அகஸ்டின் சிரித்தான். “பாத்தீங்களா? நான் சொன்னேன்ல, அவ அப்படியெல்லாம் பேசமாட்டா. வா கத்தரீன், வீட்டுக்குப் போலாம்.”

கத்தரீன் நகரவில்லை. என்னைத்தான் பார்த்தாள்.

“நான் சொன்னதுதான்,” என்றாள். “ஒவ்வொரு வார்த்தையும் நான் சொன்னதுதான். அந்தோனியாருக்குச் சொன்னேன். ஒரு தடவ எடுத்துக்கிட்டுப் போனீங்களே அக்கா, போதாதா? இப்ப ஏதோ உங்க வார்த்தைன்னு மறுபடியும் எடுக்கறீங்க.”

பிறகு அகஸ்டினிடம்: “நீ வரவேணாம். இப்ப நேராவே சொல்றேன். வீட்டுப் பக்கம் வந்தா போலீஸ்ல ரிப்போர்ட் போட்டுருவேன்.”

அவன் கை ஓங்கினான். உபதேசியார் நடுவில் புகுந்து பிடித்துக்கொண்டார். கத்தரீன் கொஞ்சமும் அசையவில்லை. நான் பின்னால் நகர்ந்தேன். ஆமாம், நான்தான் நகர்ந்தேன். அதையும் எழுதித்தான் வைக்க வேண்டும்.

20 டிசம்பர்

அகஸ்டின் திரும்பிப் போகவில்லை. அண்ணன் வீட்டிலேயே தங்கிவிட்டான். கத்தரீன் வீட்டிலிருந்து ஆறு வாசல் தள்ளி. திரிங்காப்பில் மறுபடி லாரி கிடைத்துவிட்டதாம். கத்தரீன் தானே பஸ் பிடித்துப் போய் ரிங்லெட் ஸ்டேஷனில் ரிப்போர்ட் எழுதிக்கொடுத்துவிட்டு வந்தாள். மலாயில், தன் கையாலேயே. காரில் கொண்டுபோய் விடுகிறேன் என்று நான் சொன்னபோது பஸ் நிறுத்தத்தைப் பார்த்து நடந்துவிட்டாள்.

ஆபீஸுக்குப் போகும் வழியில் அவள் பின்கதவைப் பார்த்தேன். மூடியிருக்கிறது. புதுத் தாழ்ப்பாள்.

7 ஜனவரி 2025

கோகிலனுக்கு எல்லாவற்றையும் எழுதினேன். உடனே கூப்பிட்டார்.

“அக்கா, அந்தக் கடிதத்த எடுத்துட்டா அத்தியாயத்துல என்ன இருக்கு? ஒரிஜினலோட ஒப்பிட்டுப் பாக்க யார் போறா? புத்தகமா போடறப்போ ரெண்டு வார்த்த மாத்திட்டாப் போச்சு.”

“மாத்தறதுக்கு அது என்னோடது இல்ல தம்பி. ருமேனியாக்காரியோடதும் இல்ல.”

திருத்தம் வெளியிடாவிட்டால் புத்தகம் வேண்டாம் என்றேன். யோசித்துச் சொல்கிறேன் என்றார். யோசித்து, அடுத்த இதழில் நான்கு வரி போடுவதாகச் சொன்னார். புத்தகத்தைப் பற்றி அவரும் பேசவில்லை, நானும் கேட்கவில்லை.

ஸ்மாராண்டா அம்மையாருக்கும் பல்கலைக்கழக முகவரிக்கு எழுதினேன். எண்பத்து மூன்று வயது. பதில் வராது. வந்தால் திறந்து பார்க்கத் தைரியம் இருக்குமா என்றும் தெரியாது.

23 பிப்ரவரி, ஞாயிறு

உபதேசியார் மன்றாட்டுப் பட்டியலிலிருந்து அகஸ்டினை எடுத்துவிட்டார். ஆள்தான் மூன்றாம் வரிசையில் உட்கார்ந்திருக்கிறானே. கத்தரீன் இப்போது கடைசி வரிசையில், கதவோரமாக உட்காருகிறாள்.

6 ஏப்ரல்

ஏழாம் அத்தியாயத்தில் தொப்பியை மறுபடி ஆணியில் மாட்டினேன். பதினேழாவது முறை. இன்னும் வானொலிச் செய்திதான். இருக்கட்டும்.

4 ஜூன், புதன்

நவநாள் தொடங்கியது. சாயங்காலம் வழக்கம்போல ஆபீஸ் வராந்தாவில் மேசை போட்டு உட்கார்ந்தேன். ஒருவரும் வரவில்லை.

8 ஜூன், ஞாயிறு

கோயில் பெட்டி நிரம்பியிருக்கிறது. பக்கத்தில் ஒரு ஸ்டேப்ளர், யார் வைத்ததோ. ரூமியில் எழுதி நான்கு பக்கமும் முள்ளடித்துப் போட்டுவிட்டுப் போகிறார்கள். அந்தோனியாருக்கு ரூமி படிக்க வராது என்றவர்கள் எல்லோரும்.

நல்லதுதான். நல்லதுதான் என்று எழுதுகிறேன்.

11 ஜூன், புதன்

மாலை நான்கு மணிக்குக் கத்தரீன் வீட்டுக்குப் போய்க் கதவைத் தட்டினேன். யாரென்று கேட்டு, ஜன்னலில் பார்த்து, பிறகுதான் தாழ்ப்பாளை நீக்கினாள்.

நிறுவைத் தாளை நீட்டினேன். வாங்கினாள். அவளுக்குப் படிக்க வராத எழுத்தில் அவள் சொன்னது. கொஞ்ச நேரம் பார்த்துவிட்டு அடுப்பைப் பற்றவைத்து அதில் காட்டினாள். விரல் சுடும்வரை பிடித்திருந்தாள்.

“கதையில அந்தாளு வர்றான் கத்தரீன். வரலன்னு பொய் சொன்னேன்.”

“தெரியும். ஹாஜரா அக்கா கேட்டுச் சொன்னாங்க.” அடுப்பை அணைத்தாள். “வேற என்னா?”

“எனக்கு ஒரு சீட்டு எழுதிக் குடு.”

சிரிக்கிறாளா என்று பார்த்தேன். இல்லை. “உங்களுக்கா? நானா?”

“நீதான்.”

நோட்டிலிருந்து ஒரு தாளைக் கிழித்துக்கொண்டு உட்கார்ந்தாள். நான் நின்றுகொண்டே சொன்னேன். “அந்தோனியாரே, மொழிக்காகச் செஞ்சேன்னு எல்லார்கிட்டயும் சொன்னேன். இல்ல. கைத்தட்டுக்காகச் செஞ்சேன். இவ பின்கதவ நான்தான் மூட வெச்சேன். என்ன மன்னிக்கச் சொல்லி இவகிட்ட கேக்க எனக்கு வாய் இல்ல. நீங்களும் கேக்காதீங்க. இவ கதவு மட்டும் திரும்பத் தொறக்கணும்.”

ரூமி எழுத்தில், ஒவ்வொரு சொல்லாக, மெதுவாக எழுதினாள். கைத்தட்டு என்ற சொல்லுக்கு நிறுத்தி, மறுபடி சொல்லச் சொன்னாள். சொன்னேன். எழுதி முடித்ததும் வழக்கப்படி படித்துக் காட்டினாள். என் வார்த்தைகள் அவள் வாயில். எங்கே பார்ப்பதென்று தெரியாமல் அந்தப் புதுத் தாழ்ப்பாளையே பார்த்துக்கொண்டிருந்தேன்.

தாளை நான்காக மடித்தாள். கை நீட்டினேன், கொடுக்கவில்லை.

“நகல் எடுத்து வெச்சுக்கவா அக்கா?”

நீட்டிய கையை மடக்கிக்கொண்டேன். சீட்டை ரவிக்கைக்குள் செருகிக்கொண்டு, எனக்காகக் கதவைத் திறந்துவிட்டாள்.

12 ஜூன், வியாழன்

ஒன்பதாம் நாள். தகரத்தில் போட்டு எரித்தோம். எல்லாம் ஒரே மாதிரி மடித்து முள்ளடித்த தாள்கள். என்னுடையது அதில் இருந்ததா, தெரியவில்லை. கேட்கவில்லை.